சி டிரைவ் சிவந்தால் எந்த கேமைத் தூக்குவது?

தம்பியின் லேப்டாப்பில் சி டிரைவின் நீலப் பட்டை சிவப்பாக மாறி ஒரு மாதம் ஆகியிருந்தது. அதைப் பற்றி அவன் கவலைப்படவில்லை. கடைசி ஆண்டு ப்ராஜெக்டுக்காக ஆண்ட்ராய்டு ஆப் செய்ய உதவும் ஆண்ட்ராய்டு ஸ்டூடியோவைப் போட வேண்டிய அன்றுதான் ஓடி வந்தான்.

"அண்ணா, இடமே இல்ல. நாலு கேமைத் தூக்கிட்டேன், அப்பவும் பத்தல."

எந்த நாலு என்று பார்த்தால், எல்லாம் பொடிசுகள். நாலையும் சேர்த்தாலும் 3 ஜிபி தேறாது. அதில் ஒன்று பள்ளி நாட்களிலிருந்து அவன் விளையாடி வந்த பழைய கேம். சேவ் ஃபைல், அதாவது விளையாடி வந்த இடத்தைப் பதிந்து வைக்கும் ஃபைல், அந்த கேமின் போல்டருக்குள்ளேயே இருந்திருக்கிறது. ஷிஃப்ட் டெலீட் அடித்ததில் ரீசைக்கிள் பின்னுக்குக்கூடப் போகாமல் போய்விட்டது. அந்தப் பக்கம் ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2, ஜிடிஏ 5, கவுன்டர் ஸ்ட்ரைக் 2 மூன்றும் சேர்ந்து 300 ஜிபிக்குப் பக்கத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தன. அவற்றைத் தொட அவனுக்கு மனசு வரவில்லை.

இடம் போதாதபோது பெரும்பாலோர் செய்வது இதுதான். மறந்துபோன சின்ன கேமைத் தூக்குவோம், ஆசையாக வைத்திருக்கும் பெரியதை விட்டுவிடுவோம். கணக்குப் பார்த்தால் நேர்மாறாகச் செய்ய வேண்டும். ஒரு கேம் எத்தனை ஜிபி பிடிக்கிறது என்பது பாதிக் கேள்விதான். நீக்கிய பிறகு அதைத் திரும்பக் கொண்டுவர எவ்வளவு பாடு படவேண்டும் என்பது மீதிப் பாதி. இந்த இரண்டையும் சேர்த்து வைத்துத்தான் எங்கள் முன்னால் இருந்த வழிகளை ஒவ்வொன்றாக எடைபோட்டேன்.

முதலில் ஒரு சந்தேகத்தைத் தீர்த்துவிடலாம். 512 ஜிபி என்று சொல்லி வாங்கிய எஸ்எஸ்டியை (தகடு சுற்றாத, வேகமான டிஸ்க்) விண்டோஸ் 476 என்றுதான் காட்டும். கடைக்காரர் ஏமாற்றவில்லை. தயாரிப்பாளர் ஒரு ஜிபியை நூறு கோடி பைட் என்று எண்ணுகிறார், விண்டோஸ் 1024ஐ மூன்று முறை பெருக்கி எண்ணுகிறது. அந்த 476இல் விண்டோஸும் மற்ற சாப்ட்வேர்களும் தங்கள் பங்கை எடுத்துக்கொண்டபின் மிஞ்சுவதுதான் கேம்களுக்கு. கேம்கள் இன்ஸ்டால் செய்த அன்று இருந்த அளவிலும் நிற்பதில்லை. ஜிடிஏ 5 கம்ப்யூட்டருக்கு வந்த 2015இல் 65 ஜிபி கேட்டது, வரிசையாக வந்த அப்டேட்டுகளில் 100ஐத் தாண்டிவிட்டது. ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2, பால்டர்ஸ் கேட் 3 இரண்டும் ஆளுக்கு 150 ஜிபி ஒதுக்கச் சொல்கின்றன.

கேமைத் தொடுவதற்கு முன்

குப்பையைக் கூட்டுவதால் பெரிய லாபம் இருக்காது, ஆனால் செலவும் இல்லை. விண்டோஸ் பெரிய அப்டேட் வாங்கியிருந்தால் பழைய விண்டோஸ் ஒரு தனி போல்டரில் பல ஜிபியோடு கிடக்கும். 10 நாளில் அதுவாகவே போய்விடும், அவசரமென்றால் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பக்கத்தில் தற்காலிக ஃபைல்கள் என்ற இடத்தில் நீக்கலாம். ஹைபர்நேட் (திறந்திருப்பதை அப்படியே டிஸ்க்கில் சேமித்து அணைப்பது) வசதிக்காக ரேம் அளவில் சுமார் 40 சதவீதத்தை விண்டோஸ் டிஸ்க்கில் பிடித்து வைத்திருக்கும். 16 ஜிபி ரேம் என்றால் 6 ஜிபிக்கு மேல். ஹைபர்நேட் பயன்படுத்தாதவர்கள் அதை அணைத்துவிடலாம். டவுன்லோட்ஸ் போல்டரைப் பற்றி நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. தம்பியுடையதில் ஒரே சினிமா மூன்று முறை இருந்தது.

எது எவ்வளவு பிடிக்கிறது என்று கண்ணால் பார்க்க விண்டிர்ஸ்டாட், விஸ்ட்ரீ போன்ற இலவச சாப்ட்வேர்கள் இருக்கின்றன. கேம் விற்கும் ஸ்டீம் என்ற ஆன்லைன் கடையின் சாப்ட்வேர் வைத்திருப்பவர்களுக்கு அதுவும் வேண்டாம். ஸ்டீமின் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பக்கத்தைத் திறந்தால் கேம்கள் அளவு வாரியாக வரும், கடைசியாக எப்போது விளையாடினோம் என்பதும் தெரியும். தம்பி அந்தப் பட்டியலைப் பார்த்துக் கொஞ்ச நேரம் பேசவில்லை.

இன்னொன்று. நம் ஊர்க் கடைகளில் லேப்டாப் வாங்கினால் ஒரே டிஸ்க்கை சி, டி என்று இரண்டாகப் பிரித்துக் கொடுப்பது வழக்கம். சி சிவந்து நிற்கும், டி பாதி காலியாகக் கிடக்கும். அப்படி இருந்தால் எதையும் நீக்கவே வேண்டாம், ஒரு கேமை டிக்கு நகர்த்தினால் போதும். இரண்டும் ஒரே எஸ்எஸ்டி என்பதால் வேகத்திலும் மாற்றம் இருக்காது. எங்கள் விஷயத்தில் டி டிரைவையும் இந்தப் பிள்ளை நிரப்பி வைத்திருந்தான்.

அன்இன்ஸ்டால் செய்வது

நேரான வழி இதுதான். உடனே 100 ஜிபி கிடைக்கும், ஒரு பைசா செலவில்லை. காசு கொடுத்து வாங்கிய கேம் நம் ஸ்டீம் அல்லது அதைப் போன்ற எபிக் கடையின் கணக்கில் அப்படியே இருக்கும், வேண்டும்போது மறுபடி இறக்கிக்கொள்ளலாம். இது தெரிந்தும் தயங்குகிறோம் என்றால் காரணம் இரண்டுதான்: மறுபடி டவுன்லோடு, விளையாடி வந்த இடம் தொலைந்துவிடுமோ என்ற பயம்.

டவுன்லோடு ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு விலை. வீட்டில் 100 எம்பிபிஎஸ் பைபர் இருந்தால் நொடிக்கு அதிகபட்சம் 12.5 எம்பி வரும், 100 ஜிபி இறங்க இரண்டேகால் மணி நேரம். 40 எம்பிபிஎஸ் என்றால் ஐந்தரை மணி, இரவில் போட்டுவிட்டுத் தூங்கலாம். ஹாஸ்டலில் உட்கார்ந்துகொண்டு நாளுக்கு 2 ஜிபி மொபைல் டேட்டாவில் காலம் தள்ளுபவனுக்கு அதே 100 ஜிபி 50 நாள். பைபர் வைத்திருப்பவர் "சும்மா தூக்கிப் போடு, வேணும்னா இறக்கிக்கலாம்" என்று இவனுக்குச் சொல்லும் யோசனை யோசனையே இல்லை.

ஆனால் கேமை வைத்திருந்தாலும் டேட்டா போகும் என்பதைப் பலர் கணக்கில் சேர்ப்பதில்லை. தொடாமலே கிடக்கும் ஆன்லைன் கேம் மாதாமாதம் அப்டேட் இழுத்துக்கொண்டே இருக்கும். சில கேம்களில் எல்லாமே ஒன்றிரண்டு பெரிய மூட்டைகளாகக் கட்டியிருக்கும். உள்ளே சின்ன மாற்றம் என்றாலும் மூட்டை முழுவதையும் பிரித்துக் கட்ட வேண்டும், அதற்கே டிஸ்க்கில் பல ஜிபி காலியாக இருந்தாக வேண்டும். 2 ஜிபி அப்டேட்டுக்கு 60 ஜிபி காலி இடம் வேண்டும் என்று ஸ்டீம் மிரட்டுவது இதனால்தான். ஆறு மாதமாகத் திறக்காத ஆன்லைன் கேமை வைத்திருப்பவர், அதை இறக்கும் செலவைத் தவணை முறையில் கட்டிக்கொண்டிருக்கிறார்.

மறுபடி மறுபடி எழுதினால் எஸ்எஸ்டி தேய்ந்துவிடும் என்ற பேச்சும் உண்டு. 500 ஜிபி எஸ்எஸ்டிகளில் 300 டிபி (ஒரு டிபி ஆயிரம் ஜிபி) வரை எழுதலாம் என்று உத்தரவாதம் தரும் மாடல்கள் இருக்கின்றன. வாரம் ஒரு 100 ஜிபி கேமை நீக்கி நீக்கி ஏற்றினாலும் ஆண்டுக்கு 5.2 டிபிதான். அந்த வேகத்தில் 300ஐ எட்ட 57 ஆண்டு ஆகும். அதற்குள் லேப்டாப்பின் கீல் உடைந்திருக்கும்.

சேவ் ஃபைல் விஷயத்தில்தான் நிஜமான ஆபத்து. நிறைய கேம்கள் சேவ் ஃபைலை கேம் போல்டரில் வைப்பதில்லை. டாக்குமென்ட்ஸுக்குள், சேவ்டு கேம்ஸ் என்ற போல்டருக்குள், அல்லது கண்ணுக்குத் தெரியாமல் ஒளித்துவைத்திருக்கும் ஆப்டேட்டாவுக்குள் வைக்கின்றன. ஜிடிஏ 5, ரெட் டெட் 2 இரண்டின் சேவும் டாக்குமென்ட்ஸில் ராக்ஸ்டார் கேம்ஸ் என்ற போல்டரில் இருக்கும். பழைய வைஸ் சிட்டிக்கும் டாக்குமென்ட்ஸில் தனி போல்டர் உண்டு. இப்படி வெளியே இருப்பவை கேமை அன்இன்ஸ்டால் செய்தாலும் பெரும்பாலும் தங்கிவிடும், விண்டோஸை பார்மட் அடித்தால்தான் போகும். ஸ்டீம் கிளவுட் வசதியுள்ள கேம்களின் சேவ் ஸ்டீமின் சர்வரிலும் இருக்கும். எல்லா கேமிலும் அந்த வசதி இல்லை என்பதால் நீக்குவதற்கு முன் கேமின் பக்கத்தில் கிளவுட் என்று இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். சேவ் ஃபைலை கேம் போல்டருக்குள்ளேயே வைக்கும் பழைய கேம்கள்தான் தம்பிக்கு ஆனது போல மோசம் செய்யும். சேவ் ஃபைல் பெரும்பாலும் சில எம்பிதான். பென்டிரைவில் போட ஒரு நிமிடம்.

சேவ் பத்திரமாக இருந்தும் மோட் (கேமை மாற்ற ரசிகர்கள் செய்த கூடுதல் ஃபைல்கள்) போய்விட்டால் அழுகை வரும். ஸ்டீம் வொர்க்‌ஷாப் வழியாகப் போட்ட மோட்கள் கணக்கோடு திரும்பி வரும். கையால் ஒவ்வொன்றாகத் தேடி இறக்கி, வரிசை பார்த்து அடுக்கியவை வராது. இரண்டு வாரம் உட்கார்ந்து மோட் அடுக்கிய 20 ஜிபி கேமை நீக்குவதைவிட, மோட் இல்லாத 150 ஜிபி கேமை நீக்குவது மேல் என்பேன்.

நீக்கினால் திரும்பவே வராத கேம்களும் இருந்திருக்கின்றன. 2014இல் பிளேஸ்டேஷன் 4க்கு இலவசமாக வந்த பி.டி. என்ற பேய் கேமை அடுத்த ஆண்டே கடையிலிருந்து எடுத்துவிட்டார்கள். முன்பு இறக்கியவர்களும் நீக்கிவிட்டால் மறுபடி இறக்க முடியாமல் போனது, அந்த கேம் உள்ளே இருக்கும் பழைய பிளேஸ்டேஷன்களுக்கே தனி விலை வந்தது. எதிர்ப்பக்கமும் நடந்திருக்கிறது. தி க்ரூ என்ற கார் கேமின் சர்வரை 2024 மார்ச் கடைசியில் நிறுத்தினார்கள். டிஸ்க்கில் பத்திரமாக வைத்திருந்தவர்களாலும் அதற்குப் பிறகு ஓட்ட முடியவில்லை. கடையில் இப்போதும் விற்கும் கேமைப் பற்றி இந்தக் கவலை வேண்டாம். கடையிலிருந்து எடுக்கப்பட்ட, ஆனால் இணையம் இல்லாமலே ஓடும் கேம் உங்களிடம் இருந்தால் அதை மட்டும் தொடாதீர்கள்.

நீக்கும் முறையைப் பற்றி ஒரு வார்த்தை. டெஸ்க்டாப்பில் இருக்கும் ஐகானை அழித்தால் ஐகான்தான் போகும், கேம் போகாது. சிரிக்காதீர்கள், படித்தவர்களே இதைச் செய்து பார்த்திருக்கிறேன். போல்டரைக் கையால் அழிப்பதும் சரியில்லை, ஸ்டீம், எபிக் போன்ற எந்த லாஞ்சர் வழியாக ஏற்றினோமோ அதன் வழியாகவே நீக்க வேண்டும். வாலரன்ட்டை நீக்கினாலும் அதோடு வந்த வேன்கார்டு என்ற ஏமாற்றுத் தடுப்பு சாப்ட்வேர் தனியாக உட்கார்ந்திருக்கும், அதையும் ஆப்ஸ் பட்டியலில் தேடி நீக்க வேண்டும்.

பாதியை மட்டும் நீக்குவது

பலருக்குத் தெரியாத வழி இது, எனக்கு மிகவும் பிடித்ததும் இதுதான். கால் ஆஃப் டூட்டி வரிசையில் புதியவற்றில் கதைப் பகுதி, மல்டிபிளேயர் என்று தனித்தனியாக ஏற்றவும் நீக்கவும் முடியும். கதையை முடித்துவிட்டு நண்பர்களோடு மட்டும் சுடுபவருக்குக் கதைப் பகுதி எதற்கு? ஃபால்அவுட் 4க்கு 2017இல் இலவசமாக வந்த துல்லியப் படங்களின் பொதி மட்டுமே 58 ஜிபி. சாதாரண திரையில், சாதாரண கிராபிக்ஸ் கார்டில் விளையாடுபவருக்கு அதனால் இடமும் போகும், வேகமும் குறையும். ஸ்டீமில் கேமின் பிராப்பர்ட்டீஸில் டிஎல்சி (கேமோடு சேரும் கூடுதல் பொதிகள்) பகுதிக்குப் போய் டிக் எடுத்தால் தீர்ந்தது. எல்லா கேமிலும் இந்த வசதி கிடையாது. தம்பியின் மூன்று பெரியவற்றிலும் அப்படிப் பிரித்தெடுக்க எதுவும் கிடைக்கவில்லை.

பரணில் போடுவது

வீட்டில் பழைய எக்ஸ்டர்னல் ஹார்டு டிஸ்க் ஒன்று எங்காவது கிடக்கும். கல்யாண வீடியோவும் எம்பி3 பாட்டுமாக. எங்கள் வீட்டில் 1 டிபி ஒன்று இருந்தது.

அதிலிருந்தே கேம் விளையாடலாமா என்றால், கேமைப் பொறுத்தது. ஹார்டு டிஸ்க்கில் தகடு சுற்ற வேண்டும், ஊசி அங்கும் இங்கும் ஓட வேண்டும். பழைய கேம்கள் அதை நினைத்தே செய்யப்பட்டவை, கொஞ்சம் மெதுவாகத் திறந்தாலும் ஓடும். பால்டர்ஸ் கேட் 3 போன்றவை எஸ்எஸ்டி வேண்டும் என்று நேராகவே சொல்லிவிடுகின்றன. சைபர்பங்க் 2077ம் 2023இல் வந்த பெரிய அப்டேட்டோடு அந்தப் பட்டியலில் சேர்ந்துவிட்டது.

இந்த ஹார்டு டிஸ்க்கின் ஊசி ஓட்டம் நம் எஸ்எஸ்டியிலும் இடத்தைத் தின்றிருக்கிறது. ஹெல்டைவர்ஸ் 2 கம்ப்யூட்டரில் 150 ஜிபிக்கு மேல் பிடித்துக்கொண்டிருந்தது. ஹார்டு டிஸ்க் வைத்திருப்பவருக்கு ஊசி தூரம் ஓடக் கூடாதென்று ஒரே படத்தையும் ஒலியையும் பல இடங்களில் நகலெடுத்து வைத்திருந்தார்கள். 2025 கடைசியில் நகல்களைக் களைந்தபோது அது சுமார் 23 ஜிபியாகச் சுருங்கியது. ஹார்டு டிஸ்க்கில் விளையாடியவர்களுக்கும் பெரிய பாதிப்பு இருக்கவில்லையாம். நம் டிஸ்க் நிரம்புவதற்கு நாம் மட்டுமே காரணமில்லை என்று தம்பி இதைப் பிடித்துக்கொண்டான்.

ஹார்டு டிஸ்க்கிலிருந்து விளையாட வேண்டாம், அதைப் பரணாக வைத்துக்கொள்ளலாம் என்பது என் கட்சி. தீபாவளிக்கு மட்டும் இறக்கும் பெரிய அண்டாவைப் போல, இப்போது வேண்டாத கேமைத் தூக்கி மேலே போட்டுவிட வேண்டும். ஸ்டீமில் ஸ்டோரேஜ் பக்கத்தில் அந்த டிஸ்க்கையும் சேர்த்துக்கொண்டு, கேமைத் தேர்ந்தெடுத்து நகர்த்து என்றால் அதுவே எடுத்துப் போகும். ஹார்டு டிஸ்க் நொடிக்கு 100 எம்பி எழுதினால் 100 ஜிபி நகர 17 நிமிடம், சுமாராக ஓடினாலும் அரை மணி. அதே கேமை 40 எம்பிபிஎஸ்ஸில் இறக்கினால் ஐந்தரை மணி என்று மேலே பார்த்தோம். மொபைல் டேட்டாக்காரருக்கு இதைவிட நல்ல வழி இல்லை. யுஎஸ்பி 3 போர்ட்டில் சொருக வேண்டும், பல லேப்டாப்களில் உள்ளே நீல நிறமாக இருக்கும். பழைய யுஎஸ்பி 2இல் சொருகினால் நொடிக்கு 30, 40 எம்பியைத் தாண்டாது.

இதை ஒட்டிய இன்னொரு வழி: 2023 முதல் ஸ்டீமில் ஒரே வைஃபையில் இருக்கும் இன்னொரு கம்ப்யூட்டரிலிருந்து கேமை நகலெடுக்க முடியும். நண்பரிடமும் அதே கேம் இருந்து, அவர் செட்டிங்ஸில் அனுமதித்திருந்தால், இணைய டேட்டா அதிகம் செலவாகாமல் அவரிடமிருந்து வந்துவிடும். நாலு பேர் ஒரே கேம் விளையாடும் ஹாஸ்டல் அறையில் ஒருவர் வைத்திருந்தால் போதும், மற்ற மூவர் தைரியமாக நீக்கலாம்.

பரணின் குறை, பழைய ஹார்டு டிஸ்க் ஒரு நாள் கையை விரித்துவிடும் என்பதுதான். கேம் போனால் மறுபடி இறக்கலாம், அதனால் கேமுக்கு அது போதும். கல்யாண வீடியோவுக்குப் போதாது.

அமுக்குவது, வாங்குவது

விண்டோஸிலேயே ஃபைல்களை அமுக்கி வைக்கும் வசதி இருக்கிறது, காம்பாக்ட் ஜியூஐ என்ற இலவச சாப்ட்வேர் அதை எளிதாக்குகிறது. சில கேம்கள் நன்றாகச் சுருங்கும், ஏற்கெனவே அமுக்கிக் கட்டப்பட்ட கேம்கள் அசையாது. அப்டேட் வந்தால் மாறிய ஃபைல்கள் மறுபடி உப்பிவிடும். அப்டேட் நின்றுபோன கேமுக்குச் செய்து பார்க்கலாம். மற்றபடி ஒரு வாரத்தைத் தள்ளிப்போடும் வைத்தியம் இது.

புது எஸ்எஸ்டி வாங்குவது நல்ல வழிதான், மறுக்கவில்லை. வாங்கும் முன் லேப்டாப்பில் இரண்டாவது எம்.2 ஸ்லாட் (எஸ்எஸ்டி சொருகும் இடம்) இருக்கிறதா என்று மாடல் பெயரைப் போட்டுத் தேடிப் பாருங்கள். இல்லையென்றால் இருப்பதைக் கழற்றிப் புதியதைப் போட்டு விண்டோஸையும் மாற்ற வேண்டியிருக்கும், அது வேறு வேலை. கடைசியாகத் திறந்து ஓராண்டான கேம்களுக்காக எஸ்எஸ்டி வாங்குவது, பழைய துணிக்காகப் புது பீரோ வாங்குவது மாதிரி. இரண்டு மூன்று பெரிய கேம்களை உண்மையிலேயே மாறி மாறி விளையாடுபவர், வீடியோ எடிட்டிங்கும் செய்பவர் வாங்கலாம். எஸ்எஸ்டி கழுத்துவரை நிரம்பினால் எழுதும் வேகம் குறையும், பத்தில் ஒரு பங்காவது காலியாக இருப்பது நல்லது. அந்தக் காலி இடத்தையும் கேம் போட்டு நிரப்புபவருக்கு 1 டிபியும் ஒரு நாள் சிவக்கும்.

தம்பிக்கு என்ன செய்தோம் என்று சொல்லிவிடுகிறேன். ரெட் டெட் 2 கதையைப் போன வருஷமே முடித்துவிட்டான், மோட் எதுவும் இல்லை. டாக்குமென்ட்ஸிலிருந்து சேவ் ஃபைலை பென்டிரைவில் எடுத்துக்கொண்டு அன்இன்ஸ்டால். ஜிடிஏ 5இல் நண்பர்களோடு சேர்ந்து போட்ட மோட்கள் இருந்தன, அதனால் அது பரணுக்குப் போனது. மோட் கோப்புகளைத் தனியாக ஒரு போல்டரிலும் எடுத்து வைத்தோம். இரண்டும் போனதில் 200 ஜிபிக்கு மேல் கிடைத்து, பட்டை மறுபடி நீலமானது. ஆண்ட்ராய்டு ஸ்டூடியோ எமுலேட்டரோடு ஏறியது.

கவுன்டர் ஸ்ட்ரைக் 2 மட்டும் இருக்கட்டும் என்றான். தினமும் விளையாடுகிறான், ஆகவே நான் சொன்ன கணக்குப்படி அது இருக்க வேண்டியதுதான். ப்ராஜெக்ட் வைவா முடியும் வரை முதலில் தூக்க வேண்டியது அதைத்தான் என்று எனக்குத் தோன்றியது. ஆனால் அது டிஸ்க் இடம் சம்பந்தப்பட்ட விஷயம் இல்லை, அம்மாவிடம் விட்டுவிட்டேன்.